அத்தர் கடையில் மெர்காப்டன்

உங்கள் வீட்டுச் சிலிண்டருக்குள் இருக்கும் கேஸுக்கு வாசனையே கிடையாது என்று யாராவது சொன்னால் நம்புவீர்களா?

ஃபர்ஹானா நம்பவில்லை. கெமிஸ்ட்ரி மேடம் வளர்மதி சொன்னபோது வகுப்பில் பாதிப் பேர் சிரித்தார்கள். கேஸ் லீக் ஆனால் வீடே நாறுகிறதே, அது என்ன பின்னே என்று கேட்டார்கள்.

"அது கேஸோட நாத்தம் இல்ல. கம்பெனிக்காரன் சேக்கறான். வாசனை இல்லாம லீக் ஆச்சுன்னா நமக்குத் தெரியாம போயிடும்ல. அதுக்காகவே அழுகின முட்டைகோஸ் மாதிரி நாறுற ஒண்ண துளியூண்டு கலந்து விடறான். அதுக்குப் பேரு மெர்காப்டன்."

அந்த வாரம் ஒவ்வொருத்தருக்கும் ஒரு வார்த்தை கொடுத்திருந்தார் மேடம். அதற்கு என்ன அர்த்தம், எங்கிருந்து வந்தது, எவன் வைத்தான் என்று வெள்ளிக்கிழமை எழுந்து நின்று பேச வேண்டும். மெர்காப்டன் யாருக்கு என்று மேடம் வகுப்பைச் சுற்றிப் பார்த்துவிட்டு ஃபர்ஹானாவிடம் நிறுத்தினார்.

"அத்தர் கடைப் பொண்ணு நீ. நாத்தத்தையும் கொஞ்சம் தெரிஞ்சுக்கோ."

வகுப்பே அதிர்ந்தது. ஃபர்ஹானாவும் சிரித்தாள். உத்திரமேரூர் பஜாரில் அவளுடைய அத்தா மீரான் மைதீன் கடை வைத்திருக்கிறார். அத்தர், ஊதுபத்தி, சாம்பிராணி, தொப்பி, தஸ்பீஹ் மணி. ஊரில் யாரும் அவர் பெயரைச் சொல்வதில்லை. சென்ட்டு பாய் என்றால் குழந்தைக்கும் தெரியும். கல்யாண வீட்டுக்கு என்ன அத்தர் கலக்கலாம் என்று காஞ்சிபுரத்திலிருந்தெல்லாம் அவரைத் தேடி வருவார்கள். பாய் மூக்கில் வைத்துச் சரி என்று சொன்னால் சரி. அதற்கு மேல் கேள்வி கிடையாது.

வியாழக்கிழமை சாயந்திரம் ஏனாத்தூர் காலேஜிலிருந்து காஞ்சிபுரம் வந்து, அங்கே உத்திரமேரூர் பஸ் பிடித்து உட்கார்ந்ததும் தோழி கல்பனா ஆரம்பித்தாள். அவள் சாலவாக்கத்துப் பெண். விவசாயக் குடும்பம்.

"ஏண்டி, மெர்காப்டன்னா இன்னா? கப்பல் கேப்டனுக்குத் தங்கச்சியா?"

"சும்மா கெட. நாளைக்கு நான் நின்னுக்கினு பேசணும்."

"இல்லடி, நெசமாத்தான் கேக்கறேன். எங்க நைனா வேர்க்கடலை வெதைக்கு ஒரு பவுடர் கலப்பாரு. கேப்டான்னு பேரு. பூஞ்சை புடிக்காம இருக்க. அதுலர்ந்து வந்துருக்கும்."

"மேடத்துகிட்ட கேட்டேன். தலைகீழாம். மெர்காப்டன்லர்ந்துதான் அந்தப் பவுடர் பேரே வந்துச்சாம்."

"அப்ப மெர்காப்டன் எதுலர்ந்து வந்துச்சாம்?"

பஸ் மாகறல் தாண்டிக்கொண்டிருந்தது. செய்யாற்றில் தண்ணீர் ஒரு ஓரமாகப் போனது. ஃபர்ஹானா ஜன்னல் பக்கம் திரும்பி, நாளைக்குப் பேச வேண்டியதைக் கல்பனா காதில் விழும்படி ஒப்பித்துப் பார்த்தாள். டென்மார்க் தேசத்தில் இருநூறு வருஷத்துக்கு முன்னால் ஒருத்தர் இதைக் கண்டுபிடித்தார். பாதரசம் பட்டால் இது விடாமல் ஒட்டிக்கொண்டது. உடனே லத்தீனில் பேர் வைத்துவிட்டார். மெர்க்யூரியம் என்றால் பாதரசம். காப்டன்ஸ் என்றால் பிடிக்கிறது. பாதரசத்தைப் பிடிக்கிறது, அவ்வளவுதான் மெர்காப்டன். நாற்றத்தைப் பற்றி அந்தப் பெயரில் ஒரு எழுத்துகூட இல்லை.

"அந்தாளுக்கு மூக்கு இல்லியா?" என்றாள் கல்பனா. "அவ்ளோ நாறுது, அத வுட்டுட்டு பாதரசத்தப் பாத்துக்கினு கீறான்."

ஃபர்ஹானா கடைசி வரியை மட்டும் இன்னும் சத்தமாகச் சொல்லிப் பார்த்தாள். 'கோடித் துளிக்கு ஒரு சில துளி கலந்தாலும் போதும். இதை உணராத மூக்கு உலகத்தில் கிடையாது.'

"சூப்பரா கீது. கையத் தட்டிடுவாங்க," என்றாள் கல்பனா.

பஜாரில் இறங்கி நடந்தபோது கடைகளில் விளக்கு இல்லை. கரண்ட் ஆபீஸ்காரர்கள் பராமரிப்பு என்று காலையிலேயே நிறுத்தியிருந்தார்கள். சாயந்திரம் வந்துவிடும் என்று சொல்லியிருந்தார்கள், இன்னும் வரவில்லை. அத்தர் கடைக்குப் பக்கத்தில் மொபைல் கடை வைத்திருக்கும் ஆல்வின், வியர்வையோடு வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து அட்டையால் விசிறிக்கொண்டிருந்தான்.

"வா ஃபர்ஹானா. பாய் இன்னா சரக்கு புதுசா எறக்கிக்கீறாரு?"

"ஏன்?"

"கொஞ்ச நேரமா ஒரு வாசனை வருது பாரு, குடலப் பொரட்டுது. போன மாசம் ஊதுன்னு ஒரு அத்தர் காட்டினாரே, தோலு மாதிரி நாறுச்சே, அதுக்கு அண்ணன் போல கீது இது. கல்யாணத்துக்கா, கருமாதிக்கா?"

"வெலை கேட்டா மயக்கம் போட்டுடுவீங்க," என்று சொல்லிக்கொண்டே ஃபர்ஹானா கடைக்குள் ஏறினாள்.

கடையில் யாரும் இல்லை. எப்போதும் போல மல்லியும் சந்தனமும் கஸ்தூரியும் கலந்து முகத்தில் மோதின. பிறந்ததிலிருந்து மோதுகிற வாசனை. வீட்டுக்கும் கடைக்கும் நடுவே ஒரு திரைதான். அதை விலக்கினாள்.

கால் அப்படியே நின்றுவிட்டது.

அழுகிய முட்டைகோஸ். மேடம் சொன்ன அதே வார்த்தைதான் மண்டைக்குள் ஓடியது. இருட்டு நடை முழுக்க, முழங்காலுக்குக் கீழே தண்ணீர் தேங்கி நிற்பதைப் போல நாற்றம் தேங்கி நின்றது. தொண்டை எரிந்தது.

அன்று வியாழக்கிழமை. வியாழக்கிழமை பொழுது சாயும் நேரம் அத்தா என்ன செய்வார் என்று அவளுக்குத் தெரியும். கேஸ் அடுப்பில் கொட்டாங்குச்சிக் கரியைப் பழுக்க வைத்து, சட்டியில் போட்டு, மேலே சாம்பிராணியைத் தூவி, வீட்டுக்கு உள்ளேயிருந்து புகை காட்டிக்கொண்டே கடை வாசல் வரைக்கும் வருவார். எந்த வியாழக்கிழமையும் தவறியதில்லை.

ஓடினாள்.

அடுப்படியில் மீரான் மைதீன் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். அடுப்பின் மேல் கம்பி வலை. வலையின் மேல் கரித்துண்டுகள். பக்கத்தில் பால் பொங்கி வழிந்த பாத்திரம். மேடையெல்லாம் பால், அதில் நனைந்து கிடந்தது லைட்டர். அவர் அலமாரியிலிருந்து தீப்பெட்டியை எடுத்து, ஒரு குச்சியை உருவி, பெட்டியின் ஓரத்தில் வைத்திருந்தார்.

கத்த நினைத்தாள். சத்தம் வரவில்லை. கையை ஓங்கி அவர் கையில் ஒரே அடி. தீப்பெட்டி பறந்து போய்த் தரையில் விழுந்தது. குச்சிகள் பாலில் சிதறின.

பெற்ற தகப்பனை அவள் அடித்தது அதுதான் முதல் தடவை. மீரான் மைதீன் கையைப் பிடித்துக்கொண்டு மகளைப் பார்த்தார்.

"இன்னாம்மா? ஏன் அடிக்கற?"

"கேஸு அத்தா. கேஸு."

"எங்க?" என்றார் அவர்.

எங்க என்று கேட்டார். மூக்கு முட்ட அதற்குள் நின்றுகொண்டு, நான்கு பக்கமும் திரும்பிப் பார்த்து, தொலைந்த சாவியைத் தேடுகிறவர் போல எங்க என்று கேட்டார்.

யோசிக்க நேரமில்லை. அடுப்புக் குமிழைத் திருகினாள், சிலிண்டர் ரெகுலேட்டரை அணைத்தாள், பின் கதவைத் தள்ளித் திறந்தாள். "அம்மா எங்க?"

"ஜொரம்னு படுத்துக்கினு கீறா. மாத்தர போட்டுக்கினா. தூங்கட்டும்னு கதவ சாத்தி வெச்சேன்."

நடு அறைக்கும் அடுப்படிக்கும் இடையில் பாதிச் சுவர்தான். மேலே திறப்பு, கீழே கதவிடுக்கு. அமீனா பீவி தரையில் பாய் போட்டு, தலையில் தைலம் தேய்த்து, போர்த்திக்கொண்டு படுத்திருந்தார். ஜலதோஷத்தில் அவர் மூக்கு அடைத்திருந்தது. ஃபர்ஹானா உலுக்கியபோது கண்ணைத் திறந்தார், திறந்த கண் நிற்கவில்லை. கக்கத்தில் கைகொடுத்து இழுத்தாள். மீரான் மைதீன் காலைப் பிடித்தார். இருவரும் ஒரு மூட்டையைத் தூக்குவது போலத் தூக்கிக் கடை வழியாக வெளியே கொண்டு வந்தார்கள். ஆல்வின் விசிறியைப் போட்டுவிட்டு ஓடிவந்தான்.

தெருவில் வந்ததும்தான் ஃபர்ஹானாவுக்கு ஃப்ரிட்ஜ் ஞாபகம் வந்தது. கரண்ட் வந்தால் அது தானாக ஓட ஆரம்பிக்கும். ஒரு பொறி போதும். கடை வாசல் சுவரில் மெயின் சுவிட்ச் இருந்தது. எட்டிக் கீழே இழுத்தாள்.

அம்மா தெரு ஓரமாக வாந்தி எடுத்தார். ஆல்வின் பைக்கில் போய்ப் பக்கத்துத் தெரு கிளினிக்கிலிருந்து நர்சைக் கூட்டி வந்தான். அவர் கண்ணைப் பார்த்தார், நாடியைப் பார்த்தார், காற்றாட உட்கார வையுங்கள், திரும்ப மயக்கம் வந்தால் பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிப் போங்கள் என்றார். சொல்லிக்கொண்டிருக்கும்போதே கரண்ட் வந்தது. மொபைல் கடை, எதிரில் மளிகைக் கடை, ஜவுளிக் கடை என்று பஜார் முழுக்க விளக்கு எரிந்தது. அத்தர் கடையில் மட்டும் எரியவில்லை.

ஃபர்ஹானா அந்த இருட்டுக் கடையைப் பார்த்துக்கொண்டே ஆல்வினின் ஸ்டூலில் உட்கார்ந்தாள்.

"நான் மோந்தேன் பாய்," என்றான் ஆல்வின். முகம் வெளுத்திருந்தது. "மோந்துட்டு சிரிச்சிக்கினு உக்காந்திருந்தேன். வேற கடையா இருந்தா அப்பவே கதவத் தட்டியிருப்பேன். உங்க கடைல இன்னா நாத்தம் வந்தாலும் நாங்க வெலை ஒசந்த சென்ட்டுன்னுதான நெனைப்போம். சேட்டு பாய்கூட மூக்க சுளிச்சிக்கினேதான் எறங்கிப் போனாரு."

அரிசி மண்டி சேட்டு அன்று சாயந்திரம்தான் வந்திருந்தார். மகள் நிக்காஹ்வுக்கு வருகிறவர்கள் கையில் தடவ அத்தர் கலந்து கொடுக்கச் சொல்லி ஆர்டர் கொடுக்க வந்தவர். அவர் குரல் கேட்டுத்தான் மீரான் மைதீன் டீக்கு வைத்த பாலை அடுப்பில் விட்டுவிட்டு முன்னால் வந்தார். பால் பொங்கித் தீயை அணைத்திருக்கிறது. சேட்டு போகிற வரைக்கும், போன பிறகும், குமிழ் திறந்தபடியே இருந்திருக்கிறது.

"ஒங்களுக்கும் ஜலதோஷமா அத்தா?" என்று ஃபர்ஹானா கேட்டாள்.

"ஆமாம்மா. உங்கம்மாகிட்டருந்து ஒட்டிக்கிச்சு போல."

அவர் குரலில் ஜலதோஷம் இல்லை.

வீடு காற்றோட்டமாகி, நாற்றம் முழுக்கப் போய், மூவரும் உள்ளே வந்து உட்கார்ந்தபோது பள்ளிவாசலில் இரவுத் தொழுகைக்கு இஷா பாங்கு சொல்லிக்கொண்டிருந்தார்கள். அமீனா பீவி தலையைச் சுவரில் சாய்த்திருந்தார். ஃபர்ஹானா கடைக்குப் போய் வந்து அத்தாவின் எதிரில் உட்கார்ந்தாள். புறங்கையை அவர் மூக்குக்கு நேராக நீட்டினாள்.

"கண்ண மூடுங்க. இது இன்னா அத்தரு, சொல்லுங்க."

"இப்ப எதுக்கும்மா அதெல்லாம்."

"சொல்லுங்க."

மீரான் மைதீன் கண்ணை மூடினார். கடையில் செய்வது போலவே மெதுவாக மூச்சை இழுத்தார், கொஞ்சம் நிறுத்தினார், தலையை லேசாக ஆட்டினார். எத்தனையோ கல்யாண வீட்டுக்காரர்கள் பார்த்து மயங்கிய அதே தலையாட்டல்.

"மஜ்மூவா. நல்ல சரக்கு," என்றார்.

ஃபர்ஹானா கையை எடுக்கவில்லை. அம்மா எழுந்து வந்து அந்தக் கையை இழுத்து, அடைத்த மூக்கை உறிஞ்சி உறிஞ்சி மோந்து பார்த்தார். பிறகு நக்கியே பார்த்தார்.

"ஒண்ணும் இல்லியேடி."

"ஒண்ணும் பூசல," என்றாள் ஃபர்ஹானா.

மீரான் மைதீன் கண்ணைத் திறக்கவே இல்லை. மூடிய கண்ணோடே சொன்னார்.

"கொரோனா வந்துச்சே, ரெண்டாவது அலைல. அப்ப போனது. எல்லாருக்கும் திரும்பி வந்துச்சி. எனக்கு வரல. காஞ்சிபுரத்துல ஒரு டாக்டராண்ட ரகசியமா போனேன். தானா வரும்னாரு. நாலு வருசமா பாத்துக்கினு கீறேன்."

"கடை எப்படி நடத்தினீங்க?"

"பாட்டிலு எந்த எடத்துல கீதுன்னு தெரியும். எது எத்தினி சொட்டுன்னு கைக்குத் தெரியும். வர்றவங்க கையில தடவிட்டு, எப்படி கீதுன்னு அவங்களையே கேப்பேன். குளுகுளுன்னு கீது பாய்ம்பாங்க. அடுத்து வர்றவங்ககிட்ட, இது குளுகுளுன்னு இருக்கும்பேன்." கொஞ்சம் நிறுத்தினார். "மூக்கு போன சென்ட்டு பாய்கிட்ட எவன் வருவான்?"

ஃபர்ஹானாவுக்கு ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. அலமாரிக்குப் பின்னால் எலி செத்துக் கிடந்தபோது அம்மாவும் அவளும் துணியால் முகத்தைக் கட்டிக்கொண்டு அலைந்தார்கள். அத்தா அந்த அலமாரிக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து நாஷ்டா சாப்பிட்டார். உங்க அத்தாவுக்குப் பொறுமை ஜாஸ்தி என்று அம்மா பெருமையாகச் சொன்னார். போன ரம்ஜானுக்கு முதல் நாள் பிரியாணி அடி பிடித்துக் கருகியது. அத்தா இரண்டாவது தடவை வாங்கிச் சாப்பிட்டார்.

அம்மாவுக்கும் அதே பிரியாணிதான் ஞாபகம் வந்திருக்க வேண்டும்.

"அப்ப நான் ஆக்கிப் போட்டதெல்லாம்?" என்றார் அமீனா பீவி.

மீரான் மைதீன் தலையைக் குனிந்துகொண்டார்.

"மீன் கொழம்பு வெச்சா தெருமுனைலயே வாசனை வந்துச்சிம்பீங்களே. வூட்டுக்குள்ள வந்ததும், அமீனா, இன்னிக்கு வாளை மீனான்னு கேப்பீங்களே."

"காலைல மீன்காரம்மா சொக்கம்மா வந்ததப் பாத்திருப்பேன்," என்றார் அவர் மெதுவாக. "உப்பு தெரியும். காரம் தெரியும். புளிப்பு தெரியும். அதுக்கு மேல எல்லாமே ஒண்ணுதான், அமீனா. ஈரத் துணிய மெல்ற மாதிரி கீது."

செத்துப் பிழைத்தபோது வராத அழுகை அம்மாவுக்கு அப்போது வந்தது. "நாலு வருசமா ஈரத் துணியத் தின்னுட்டு, மாஷா அல்லாஹ் மாஷா அல்லாஹ்ன்னு சொல்லிக்கினு இருந்தீங்களா," என்று சொல்லிச் சொல்லி அழுதார்.

ஃபர்ஹானாவுக்கு என்ன செய்வது என்று தெரியவில்லை. வாய் தானாகப் பேச ஆரம்பித்தது. நாளைக்கு வகுப்பில் பேச வேண்டியதை அத்தாவிடம் பேசினாள். கேஸுக்கு வாசனை கிடையாது, நாற்றத்தைக் கம்பெனிக்காரன் சேர்க்கிறான் என்றாள். அவர் நிமிர்ந்தார். வாசனையை விற்றே வாழ்ந்த மனுஷனுக்கு அது புதுசு.

"காசு குடுத்து நாத்தத்தச் சேக்கறானா? இன்னா பேரு அதுக்கு?"

"மெர்காப்டன். பாதரசத்தப் புடிக்கிறதுன்னு அர்த்தம்."

"ரசமணி கட்டறவங்க சொல்வாங்களே, ஓடற ரசத்தப் புடிச்சி மணியாக் கட்டறதுன்னு. அப்படியா?"

"அப்படித்தான் வெச்சுக்கங்க."

"பாதரசத்தையே புடிக்குது," என்றார் மீரான் மைதீன். தன் மூக்கை இரண்டு விரலால் தொட்டுப் பார்த்துக்கொண்டார். "என்னை வுட்டுட்டு போயிடுச்சே."

இதை உணராத மூக்கு உலகத்தில் கிடையாது. பஸ்ஸில் ஒப்பித்த அந்த வரி ஃபர்ஹானாவின் நாக்கு நுனி வரை வந்து திரும்பிப் போனது.

"வெளிய யாருக்கும் சொல்ல வேணாம்," என்றார் அவர். "வூட்டோட இருக்கட்டும். இனிமே நான் அடுப்படிப் பக்கமே போவல. கரிய அமீனா பத்த வெச்சுக் குடுக்கட்டும். கடை போச்சுன்னா ஒன் படிப்பு இன்னா ஆவறது?"

அமீனா பீவி முந்தானையால் முகத்தைத் துடைத்தார்.

"ஒரு நாளு நான் ஊருக்குப் போயிருப்பேன். இவ காலேஜுல இருப்பா. அப்ப? ஆல்வின் மோந்தான்ல? சேட்டு மோந்தாருல்ல? ரெண்டு பேருக்கும் மூக்கு நல்லாத்தான் கீது. சென்ட்டு பாய் உள்ள இருக்காரு, அவருக்குத் தெரியாத வாசனையான்னுட்டுப் போயிட்டாங்க. ஒங்களுக்குத் தெரியாதுன்னு ஊருக்குத் தெரிஞ்சாத்தான் ஊரு கதவத் தட்டும். மறைச்சீங்கன்னா அடுத்த தபா கொளுத்திடுவீங்க."

"எல்லார்கிட்டயும் சொல்லணுமா?"

"எல்லார்கிட்டயும்."

அன்று யாரும் சாப்பிடவில்லை.

மறுநாள் காலையில் ஏஜென்சி ஆள் வந்து சிலிண்டரைச் சோதித்து, ரப்பர் டியூபை மாற்றிவிட்டுப் போனான். ஃபர்ஹானா காலேஜுக்குப் போகவில்லை. வெள்ளிக்கிழமை ஆனதால் மீரான் மைதீன் வழக்கம் போலக் கடையைச் சீக்கிரம் திறந்தார். முதல் ஆளாகச் சேட்டு வந்து, நிக்காஹ்வுக்கு என்ன கலந்தீர்கள், மோந்து பார்த்துச் சொல்லுங்கள் என்றார். எனக்கு மூக்கு வேலை செய்யவில்லை, நாலு வருஷமாகிறது என்றார் மீரான் மைதீன். சேட்டு கையிலிருந்த பாட்டிலை மூடி வைத்தார். ஆர்டர் வேண்டாம் என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். அடுத்து வந்தவரிடமும் மீரான் மைதீன் அதையே சொன்னார்.